ஏறுதலும் ஏற்றுதலும்: கதிரொளியால் மின்கல அடுக்கை மின்னேற்றும் முறைகள்

முன்னுரை

“சார்ஜ் ஏறிவிட்டதா?” என்று நம் வீடுகளில் நாள்தோறும் கேட்கிறோம். இத்தொடரில் பெயர்ச்சொல் கடன் வாங்கியது, வினைச்சொல் நம்முடையது. ‘ஏறு’ என்பது தன்வினை. ‘ஏற்று’ என்பது பிறவினை. தானாக நிகழ்வது ஏறுதல். ஒருவர் முயன்று நிகழ்த்துவது ஏற்றுதல். கிணற்று நீரை மேலே கொணரும் பழைய இறைப்புக் கருவிக்கும் ‘ஏற்றம்’ என்றே பெயர். கலைச்சொல்லாக வழங்கும் ‘மின்னேற்றம்’ இந்தப் பிறவினையை அடியொற்றியது.

சூரியத் தகட்டையும் மின்கல அடுக்கையும் இணைக்கும் முறைகள் பல. அவை அனைத்தும், மின் தானாக ஏறுவதைத் தற்செயலுக்கு விடாமல், அறிந்து அளவோடு ஏற்றுவதற்கு மனிதன் கண்ட வழிகள் என்பதே இக்கட்டுரை விளக்க முனையும் கருத்து.

மொழியியல் கற்றவர் மின்கலத்தைப் பற்றிப் பேச வேண்டுமா என்ற வினா எழலாம். சூரியசக்தி மின்சக்தியாக மாறுகிறது என்று நம் மாணவர்கள் தடையின்றிச் சொல்கிறார்கள். மாறிய மின்சக்தி இரவுவரை எவ்வாறு காக்கப்படுகிறது என்று கேட்டால் விடை தயங்குகிறது. நல்ல தகட்டையும் விலை மிகுந்த மின்கல அடுக்கையும் வாங்கியவர், இடையில் நிற்கும் சிறு கருவியின் வேலையை அறியாமையால் இரண்டொரு ஆண்டில் அடுக்கை இழப்பதும் உண்டு. மலேசியத் தமிழ்ப்பள்ளிகளில் 2003 முதல் சில ஆண்டுகள் அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்தில் கற்பிக்கப்பட்டன. ஒரு துறையின் சொற்கள் வகுப்பறையில் ஒலிக்காத காலத்தில் அவற்றின் பொருள் எல்லைகள் மங்கிவிடும். அவற்றை மீண்டும் கூர்மைப்படுத்துவது மொழிப்பணியும் அறிவியற்பணியும் ஆகும்.

நான்கு சொற்கள்

பேச்சுவழக்கில் ‘கரண்டு’ என்ற ஒரே சொல் நான்கு வெவ்வேறு கருத்துகளைச் சுமக்கிறது. அவற்றைப் பிரித்தறிந்தாலன்றி மின்னேற்றம் விளங்காது.

மொட்டைமாடியில் ஒரு நீர்த்தொட்டி இருப்பதாகக் கொள்வோம். தொட்டி எவ்வளவு உயரத்தில் இருக்கிறதோ அவ்வளவு விசையுடன் குழாயில் நீர் இறங்கும். இவ்வுயரத்தைப் போன்றது மின்னழுத்தம். அதன் அலகு வோல்ட். ஒரு நொடியில் குழாய் வழியே எவ்வளவு நீர் செல்கிறது என்பதைப் போன்றது மின்னோட்டம்; அதன் அலகு ஆம்பியர். இவ்விரண்டையும் பெருக்கி வருவது திறன். அதன் அலகு வாட். அத்திறன் எவ்வளவு நேரம் செயற்பட்டது என்பதையும் சேர்த்துக் கணக்கிட்டால் கிடைப்பது ஆற்றல். அதனை வாட்-மணி என்ற அலகால் அளக்கிறோம். தமிழ்நாட்டுப் பாடநூல்கள் ‘ஆற்றல்’ என்பதை நம் பாடநூல்கள் ‘சக்தி’ என்கின்றன. எச்சொல்லைக் கையாண்டாலும், அதனைத் திறனோடு குழப்பாதிருத்தல் இன்றியமையாதது.

மின்கல அடுக்கின் மேல் “12 வோல்ட், 100 ஆம்பியர்-மணி” என்று எழுதியிருந்தால் அதில் அடங்கும் ஆற்றல் 12 × 100 = 1,200 வாட்-மணி. தகட்டின் பின்புறம் “100 வாட்” என்று எழுதியிருப்பது திறன். ஒன்று கொள்ளளவு, மற்றொன்று வேகம். தகட்டின் வாட் அளவை மட்டும் கேட்டு அடுக்கை வாங்குவது, குழாயின் விட்டத்தைக் கேட்டுத் தொட்டியை வாங்குவதற்கு ஒப்பாகும்.

தகடும் அடுக்கும்

ஒளி பட்டால் மின் தோன்றும் என்பதைப் பிரெஞ்சு அறிஞர் எட்மண்ட் பெக்கரல் 1839இல் கண்டார். நடைமுறைக்கு ஏற்ற சிலிக்கான் கதிரொளிக் கலத்தை அமெரிக்காவின் பெல் ஆய்வகம் 1954இல் வெளியிட்டது. விழும் ஒளியில் ஏறத்தாழ 6 விழுக்காட்டையே அது மின்னாக்கியது. இன்று கூரைகளில் காணும் தகடுகள் 20 விழுக்காட்டை எட்டிவிட்டன.

ஒரு சிலிக்கான் கலம் தனியே ஏறத்தாழ அரை வோல்ட் அழுத்தத்தையே தரும். ஆகவே பல கலங்களைத் தொடராக இணைக்கின்றனர். 12 வோல்ட் அடுக்குக்கென அமைந்த தகட்டில் 36 கலங்கள் இருக்கும். நல்ல வெயிலில் அது ஏறத்தாழ 18 வோல்ட்டில் தன் முழுத்திறனைத் தரும். 12 வோல்ட் அடுக்குக்கு 18 வோல்ட் தகடு எதற்கு என்று மாணவர் கேட்பர். விடை நம் வினைச்சொல்லிலேயே இருக்கிறது. தாழ்விலிருந்து மேட்டுக்கு நீர் தானே செல்லாது. அடுக்கின் அழுத்தத்தைவிடத் தகட்டின் அழுத்தம் உயர்ந்து நின்றால்தான் மின் அடுக்கினுள் செல்லும். வெப்பத்தாலும் மேகத்தாலும் தகட்டின் அழுத்தம் குறையும்போதும் அவ்வுயர்வு எஞ்சியிருக்க வேண்டும்.

மின்கலம் வேறு, மின்கல அடுக்கு வேறு. ஒரு தனி அலகு கலம். பல கலங்கள் சேர்ந்தது அடுக்கு. மீண்டும் மீண்டும் மின்னேற்றத்தக்க ஈய-அமில மின்கலத்தைக் காஸ்தோன் பிளாண்டே என்ற பிரெஞ்சு அறிஞர் 1859இல் உருவாக்கினார். அதன் ஒரு கலம் 2 வோல்ட் தரும். ஆறு கலங்கள் சேர்ந்து 12 வோல்ட் அடுக்காகின்றன. லித்தியம்-அயனி மின்கலம் 1991இல் விற்பனைக்கு வந்தது. கதிரொளி அமைப்புகளில் இன்று பெரிதும் விரும்பப்படுவது அதன் ஒரு வகையான லித்தியம் இரும்பு பாஸ்பேட்டு. அதன் ஒரு கலம் 3.2 வோல்ட், நான்கு கலங்கள் சேர்ந்தால் 12.8 வோல்ட்.

இங்கே நீர்த்தொட்டி உவமையின் எல்லையையும் சொல்ல வேண்டும். தொட்டி நிறையும்போது நீர் நீராகவே இருக்கிறது. மின்கலத்தில் நிகழ்வது வேதிமாற்றம். ஈய-அமிலக் கலத்தில் மின்னேற்றத்தின்போது தகடுகளில் படிந்த ஈய சல்பேட்டு, ஒரு முனையில் ஈயமாகவும் மறுமுனையில் ஈய டை ஆக்சைடாகவும் மாறுகிறது, அமிலம் செறிவடைகிறது. ‘நிறைதல்’ என்று நாம் கூறுவது இம்மாற்றம் முழுமை பெறுவதையே. பாதி நிறைந்த தொட்டியை ஓர் ஆண்டு விட்டுவைத்தாலும் தொட்டிக்குக் கேடில்லை. பாதி நிறைந்த ஈய-அமில அடுக்கை விட்டுவைத்தால் ஈய சல்பேட்டு இறுகிக் கட்டியாகி, பின்னர் மாற மறுக்கும். அடுக்கின் கொள்ளளவு சுருங்கிவிடும்.

மின்னேற்றும் நான்கு முறைகள்

முதல் முறை நேரடி இணைப்பு. தகட்டின் நேர்முனையை அடுக்கின் நேர்முனையோடும் எதிர்முனையை எதிர்முனையோடும் சேர்ப்பதே இது. இதில் நிகழ்வது ஏறுதல் மட்டுமே. அடுக்கு நிறைந்த பின்னும் மின் பாய்ந்துகொண்டிருக்கும், ஈய-அமில அடுக்காயின் நீர் பிரிந்து ஹைட்ரஜனும் ஆக்சிஜனும் வெளியேறும், அமிலநீர் வற்றும். இரவில் தகட்டின் அழுத்தம் வீழ்ந்துவிடுவதால் சிறிதளவு மின் பின்னோக்கிக் கசியவும் கூடும். இதைத் தடுக்க ஒருவழிக் கதவுபோல் செயற்படும் டையோடு ஒன்றை இடையில் வைப்பர். நிறுத்தி வைத்த வாகனத்தின் பெரிய அடுக்கைப் பேணும் 5 வாட் போன்ற மிகச்சிறு தகட்டுக்கு இம்முறை போதும். அதற்கு மேற்பட்ட எதற்கும் இது பொருந்தாது.

இரண்டாம் முறை தொடுத்தலும் துண்டித்தலும். அடுக்கின் அழுத்தத்தை ஒரு மின்சுற்று கவனித்துக்கொண்டிருக்கும். குறித்த மேல்வரம்பை எட்டியதும் தகட்டைத் துண்டிக்கும். அழுத்தம் கீழ்வரம்புக்கு இறங்கியதும் மீண்டும் தொடுக்கும். கேடு நீங்குகிறது, எனினும் அடுக்கு முழுமையாக நிறைவதில்லை. குடத்தின் வாயில் நீர் நுரைத்தெழுவதைக் கண்டு குழாயை மூடிவிட்டால், நுரை அடங்கியபின் குடம் குறையாக இருப்பதைக் காண்போம் அல்லவா? அதைப் போன்றதே இது.

மூன்றாம் முறை துடிப்பு அகலக் கட்டுப்பாடு. கடைகளில் ‘பி.டபிள்யூ.எம்’ என்பர். இதுவும் தொடுத்துத் துண்டிப்பதே. ஆனால் ஒரு நொடியில் பன்முறை நிகழ்வது. அடுக்கு வெறுமையாக இருக்கையில் ஒவ்வொரு துடிப்பும் அகலமாக இருக்கும். நிறைய நிறையத் துடிப்பு குறுகும். விளைவாக, சராசரி மின்னோட்டம் சிறிது சிறிதாகக் குறைந்து, அடுக்கின் அழுத்தம் வரம்பில் நிலைத்து நிற்கும். கருவி எளியது, விலை குறைந்தது, நீடித்து உழைப்பது.

இதற்கொரு குறையுண்டு. தகடும் அடுக்கும் நேராக இணைந்திருக்கும் கணங்களில், தகடு தன் 18 வோல்ட்டை விட்டு அடுக்கின் அழுத்தத்துக்கு இறங்கியாக வேண்டும். 100 வாட் தகடு 18 வோல்ட்டில் ஏறத்தாழ 5.6 ஆம்பியர் தரும். அடுக்கின் அழுத்தம் 12.5 வோல்ட் எனின், உள்ளே செல்வது 12.5 × 5.6, அதாவது 70 வாட். எஞ்சிய 30 வாட் நமக்குப் பயன்படவில்லை.

நான்காம் முறை இவ்விழப்பை மீட்கிறது. கடை வழக்கில் ‘எம்.பி.பி.டி’ எனப்படும் இதனைச் சில கையேடுகள், “அதிகபட்ச மின்திறன் புள்ளியைப் பின்தொடர்தல்” என்று சொல்லுக்குச் சொல் பெயர்க்கின்றன. ‘உச்சத்திறன் தேடி’ என்றால் சொல்லும் சுருங்கும், பொருளும் துலங்கும். இக்கருவி தகட்டின் அழுத்தத்தைச் சற்றே ஏற்றியும் இறக்கியும் எந்த இடத்தில் திறன் மிகுகிறது என்று இடைவிடாது தேடுகிறது. அவ்விடத்திலேயே தகட்டை நிறுத்தி, மிகுதியான அழுத்தத்தை மின்னோட்டமாக மாற்றி அடுக்குக்கு அனுப்புகிறது. மிதிவண்டியின் பற்சக்கரத்தை மாற்றுவதுபோல் இது. மிதிப்பவரின் திறன் மாறுவதில்லை, சக்கரத்தைச் சேரும் விதம் மாறுகிறது. மேலே கண்ட 100 வாட்டில் 5 விழுக்காடு கருவியில் இழக்கப்பட்டாலும், 95 வாட், அதாவது 12.5 வோல்ட்டில் 7.6 ஆம்பியர், அடுக்கைச் சேரும்.

இக்கணக்கை நம் நாட்டு வெயிலில் வைத்து மீண்டும் பார்க்க வேண்டும். தகட்டின் வெப்பநிலை 25 பாகையாக இருக்கும்போது அளந்த எண்ணே அதன்மேல் அச்சிடப்படுகிறது. நம் உச்சிவெயிலில் தகடு 60 பாகையை எட்டும். ஒவ்வொரு பாகை உயர்வுக்கும் திறன் ஏறத்தாழ 0.4 விழுக்காடு குறைவதால், 35 பாகைக்கு 14 விழுக்காடு போய்விடும். இவ்விழப்பு பெரும்பாலும் அழுத்தத்திலேயே நேர்வது. 18 வோல்ட் ஏறத்தாழ 15.5 வோல்ட்டாகிறது. அதனால் உச்சத்திறன் தேடி மீட்டுத்தரும் பங்கும் குறைகிறது. குளிர்நாட்டு நூல்கள் கூறும் ஆதாயத்தை அப்படியே எதிர்பார்த்தல் கூடாது. 36 கலத் தகடு ஒன்றும் 12 வோல்ட் அடுக்கு ஒன்றும் உள்ள சிறு அமைப்புக்கு மூன்றாம் முறையே போதுமானதாக இருக்கலாம். வீட்டுக் கூரைக்கென அமைந்த 60 கலத் தகடு ஏறத்தாழ 30 வோல்ட்டில் இயங்குவது. அதனை 12 வோல்ட் அடுக்கோடு மூன்றாம் முறையில் சேர்த்தால் பாதிக்கு மேற்பட்ட திறன் வீணாகும். அங்கே நான்காம் முறை இன்றியமையாதது.

மூன்று படிநிலைகள்

கருவி எதுவாயினும், ஈய-அமில அடுக்கை நிறைக்கும் செயல் மூன்று படிகளில் நடைபெறும். 25 பாகை வெப்பநிலையில் 12 வோல்ட் அடுக்குக்குப் பொதுவான அளவுகளைக் கீழே தருகிறேன். அடுக்கின் தயாரிப்பாளர் தரும் குறிப்பே இறுதியானது.

முதலாவது பெருமின்னேற்றம். தகடு தரக்கூடிய முழு மின்னோட்டமும் உட்செல்லும். அழுத்தம் மெல்ல உயர்ந்து ஏறத்தாழ 14.4 வோல்ட்டை அடையும். இரண்டாவது நிறைவு மின்னேற்றம். அழுத்தத்தை அங்கேயே நிறுத்தி, மின்னோட்டத்தைப் படிப்படியாகக் குறைய விடுவர். இறுதி ஐந்திலொரு பங்கு இப்படியில்தான் நிறைகிறது. அதற்குச் சில மணி நேரம் வேண்டும். மூன்றாவது பேணு மின்னேற்றம். அடுக்கு நிறைந்தபின் அழுத்தத்தை ஏறத்தாழ 13.6 வோல்ட்டுக்கு இறக்கி, தன்னியல்பாகக் குறைவதை மட்டும் ஈடுசெய்வர்.

இரண்டாம் படி முடியுமுன் மேகம் சூழ்ந்துவிட்டால் அடுக்கு குறையாகவே இரவைச் சந்திக்கும். இவ்வாறு தொடர்ந்து பல நாள் நிகழ்வதே மேலே கூறிய சல்பேட்டு இறுகலுக்குக் காரணமாகிறது. அடுக்கு பெரிதாகவும் தகடு சிறிதாகவும் அமைந்த இடங்களில் இக்கேடு மிகுதி.

சூடான அடுக்குக்குக் குறைந்த அழுத்தமே போதும். ஒரு பாகை உயர்வுக்கு ஒரு கலத்துக்கு 3 முதல் 5 மில்லிவோல்ட்வரை குறைத்தல் வழக்கம். 35 பாகை நண்பகலில் ஆறு கலங்களுக்கும் சேர்த்து ஏறத்தாழ 0.2 வோல்ட் குறைக்க வேண்டும். வெப்பமானி இணைந்த கட்டுப்படுத்தி இதனைத் தானே செய்துவிடும்.

லித்தியம் இரும்பு பாஸ்பேட்டு அடுக்குக்கு இவ்வொழுங்கு அப்படியே பொருந்தாது. அதனை முழுமையாக நிறைக்காமல் விட்டாலும் கேடில்லை. நெடுநேரம் உச்சத்தில் வைத்திருப்பதே அதற்கு ஆகாது. ஆகவே பேணு மின்னேற்றம் பொதுவாக வேண்டப்படுவதில்லை. அதனுள்ளே மேலாண்மை மின்சுற்று ஒன்று இருந்து, ஒவ்வொரு கலத்தின் அழுத்தத்தையும் கவனித்து, எல்லை மீறினால் இணைப்பைத் துண்டிக்கும். கட்டுப்படுத்தியில் அடுக்கின் வகையைத் தேர்ந்தெடுக்கும் அமைப்பு இருக்கிறதா என்று பார்த்தே வாங்க வேண்டும்.

ஒரு பள்ளிக் கணக்கு

வகுப்பறைக்கு ஏற்ற ஒரு கணக்கைச் செய்து பார்ப்போம். பள்ளி வாசிப்பறையில் 10 வாட் விளக்குகள் நான்கும் 40 வாட் மின்விசிறி ஒன்றும் நாளொன்றுக்கு ஐந்து மணி நேரம் இயங்க வேண்டும். விளக்குகளுக்கு 4 × 10 × 5 = 200 வாட்-மணி; விசிறிக்கு 40 × 5 = 200 வாட்-மணி. ஆக 400 வாட்-மணி.

வெப்பம், கம்பி, கருவி, அடுக்கு ஆகியவற்றில் நேரும் இழப்பு 25 விழுக்காடு எனக் கொண்டால், தகடு 400 ÷ 0.75, ஏறத்தாழ 533 வாட்-மணி ஆக்க வேண்டும். சிங்கப்பூரில் ஆண்டுக்கு ஒரு சதுர மீட்டரில் சராசரியாக ஏறத்தாழ 1,580 கிலோவாட்-மணி கதிரொளி விழுகிறது. இதனை 365ஆல் வகுத்தால் நாளொன்றுக்கு 4.3 முழுவெயில் மணி கிடைக்கும். மழைநாளை எண்ணி 4 எனக் கொள்வோம். 533 ÷ 4 = 133; ஆகவே 150 வாட் தகடு தகும்.

வெயிலற்ற இரண்டு நாளுக்குத் தாங்க 800 வாட்-மணி சேமிப்பு வேண்டும். ஈய-அமில அடுக்கைப் பாதிக்கு மேல் வெறுமையாக்குதல் கூடாது. எனவே 1,600 வாட்-மணி, அதாவது 12 வோல்ட்டில் 133 ஆம்பியர்-மணி. 150 ஆம்பியர்-மணி அடுக்கை வாங்கலாம். லித்தியம் அடுக்கில் ஐந்தில் நான்கு பங்கைப் பயன்படுத்தலாம் என்பதால் 1,000 வாட்-மணி போதும்; 12.8 வோல்ட்டில் அது 78 ஆம்பியர்-மணி. நான்காம் வகுப்புக் கணக்கே இது. இதைச் செய்த மாணவர் திறனையும் ஆற்றலையும் இனிக் குழப்பமாட்டார்.

இணைக்கும் ஒழுங்கு

அடுக்கையே முதலில் கட்டுப்படுத்தியோடு இணைக்க வேண்டும். அதன்பின் தகட்டை இணைக்க வேண்டும். கழற்றும்போது தகடு முதலில், அடுக்கு பின்னர். அடுக்கின் அழுத்தத்தை அறிந்த பிறகே கருவி தன் வேலையைத் தொடங்க இயலும் என்பது இதற்குக் காரணம். அடுக்கின் அருகே தக்க உருகி பொருத்தல் வேண்டும். ஈய-அமில அடுக்கு இருக்கும் அறையில் காற்றோட்டம் வேண்டும்; வெளியேறும் ஹைட்ரஜன் தீப்பற்றக்கூடியது. கலங்கள் தொடராக இருப்பதால் தகட்டின் ஒரு மூலையில் விழும் மரநிழல்கூட முழுத்தகட்டின் திறனைப் பெரிதும் குறைத்துவிடும். நிலநடுக்கோட்டை ஒட்டிய நம் நாடுகளில் தகட்டைக் கிடையாக வைத்தாலும் வெயில் நன்றாக விழும். எனினும் 10 பாகை சாய்த்து வைத்தால் மழையே தூசியைக் கழுவிவிடும்.

நிறைவுரை

இன்று இச்செய்தி சிறு விளக்குகளோடு நிற்பதில்லை. சரவாக்கின் உட்பகுதியில் மின்கம்பி எட்டாத நீண்ட வீடுகள் தகட்டாலும் அடுக்காலும் ஒளிபெறுகின்றன. சிங்கப்பூரின் ஜூரோங் தீவில் 285 மெகாவாட்-மணி கொள்ளளவுள்ள மாபெரும் மின்சேமிப்பு அமைப்பு 2023 பிப்ரவரியில் முறைப்படி தொடங்கி வைக்கப்பட்டது. நம் வாசிப்பறைக்குத் தேவையான 400 வாட்-மணியோடு ஒப்பிட்டால் அது ஏழு இலட்சத்துக்கும் மேற்பட்ட வாசிப்பறைகளின் ஒருநாள் தேவை. அளவு வேறுபடினும் ஏற்றுதலின் இலக்கணம் ஒன்றே: உயர்ந்த அழுத்தம், அளந்த மின்னோட்டம், உரிய நேரத்தில் நிறுத்தம்.

ஆசிரியர்கள் இப்பாடத்தை நடத்தும்போது சொற்பட்டியலைக் கரும்பலகையில் எழுதி மனப்பாடம் செய்விப்பதோடு நிறுத்த வேண்டா. சிறு தகடு ஒன்றையும் வோல்ட்மானி ஒன்றையும் மாணவர் கையில் கொடுங்கள். தகட்டை வெயிலில் காட்டியும் கையால் மறைத்தும் அழுத்தத்தை அளக்கட்டும். பின்னர் “மின் இப்போது ஏறுமா? ஏறினால் எப்போது நிறுத்துவாய்?” என்று கேளுங்கள். மாணவர் தம் சொற்களில் தமிழில் விடை சொல்வாராயின் அவர் பாடத்தைப் புரிந்துகொண்டார் என்பதற்கு வேறு தேர்வு வேண்டியதில்லை. மின்னழுத்தம், மின்னோட்டம், திறன், ஆற்றல் ஆகிய சொற்கள் அகராதியில் இருப்பதால் மட்டும் வாழ்வதில்லை. ஒரு மாணவர் தம் வீட்டு அடுக்கு ஏன் பழுதானது என்பதை அச்சொற்களால் தம் தாய்க்கு விளக்கும் நாளில்தான் அவை வாழத் தொடங்குகின்றன.